எல்லாத்தையும் விட்டுட்டு வட்டவடைக்குப் போயிடலாமா டாக்டர்?

கேள்வி: போடில இருக்கேன், வயசு 47, ஃபைனான்ஸ் கம்பெனில பிராஞ்ச் மேனேஜர். ஆறு மாசமா எதுலயும் பிடிப்பு இல்ல. ராத்திரி 3 மணிக்கு முழிப்பு வந்துடுது, போன் அடிச்சாலே எரிச்சல். வேலைய விட்டுட்டு, மூணாறு பக்கத்து மலைக்கிராமம் வட்டவடைல கொஞ்சம் நிலம் குத்தகைக்கு எடுத்து, மண்வீடு கட்டி, போன் இல்லாம தனியா இருக்கலாம்னு முடிவு பண்ணிட்டேன். பிபிக்கு அட்டினோலால் போடுறேன், தினம் ராத்திரி ஒரு குவார்ட்டர். ரெண்டையும் அங்க போனதும் நிறுத்திடுவேன். சில நேரம் யாருக்கும் தெரியாம காணாமப் போயிடணும் போல இருக்கு. இது வியாதியா?

பதில்: சார், மலைக்குப் போகணும்னு ஆசைப்படுறது வியாதி இல்ல. போடில இருந்துக்கிட்டு தினம் அந்த மலைய பாக்குறவருக்கு ஆசை வராம இருந்தாதான் ஆச்சரியம். ஆனா 1965ல எலியட் ஜாக்ஸ்ங்கற மனோதத்துவ நிபுணர் "மிட்லைஃப் கிரைசிஸ்", அதாவது நடுவயசு நெருக்கடின்னு எழுதுனதுல இருந்து நாப்பது தாண்டுன ஆம்பளைக்கு எது வந்தாலும் அந்தக் கணக்குல எழுதிடுறோம், அது எனக்குப் பிடிக்கல. அது டயக்னோசிஸே இல்ல. டிப்ரஷன் டயக்னோசிஸ். பிடிப்பு இல்லாம, தூக்கம் கெட்டு ரெண்டு வாரம் தாண்டுனாலே நாங்க யோசிப்போம், உங்களுக்கு ஆறு மாசம் ஆச்சு. ஆம்பளைங்களுக்கு அது பல நேரம் அழுகையா வராது, எரிச்சலாத்தான் வரும்.

உங்க கடைசி வரிய ரெண்டு தடவை படிச்சேன். காணாமப் போறதுன்னா மலைக்குப் போறதா, இல்ல உயிரோடயே இருக்க வேண்டாம்னா? ரெண்டாவது மனசுல கொஞ்சம் ஓடுனாலும் இன்னைக்கே வீட்ல சொல்லுங்க, 14416க்கு போன் பண்ணுங்க, அரசாங்கத்தோட மனநல உதவி லைன் டெலி மனாஸ், காசு கிடையாது, தமிழ்ல பேசுவாங்க, 24 மணி நேரமும் எடுப்பாங்க. வீட்ல பூச்சிமருந்து இருந்தா வேற எடத்துக்கு மாத்தச் சொல்லுங்க.

அடுத்தது குவார்ட்டர். இதுதான் எனக்கு பெரிய பயம். தினம் குடிக்கிறவர் திடீர்னு நிறுத்துனா 6 மணி நேரத்துல இருந்து 48 மணி நேரத்துக்குள்ள ஃபிட்ஸ் வரலாம், அப்புறம் ரெண்டு மூணு நாள்ல ஆள் தெரியாம உளறி, இல்லாத பூச்சிய எல்லாம் சுவத்துல பாத்து, உயிருக்கே ஆபத்தாகலாம். கார்த்திகைல மாலை போட்டுட்டு ஒரே நாள்ல குடிய விட்டு, கை நடுங்கி வந்து சேர்றவங்கள நம்ம ஊர்ப்பக்க டாக்டர் எல்லாருமே பாத்திருப்பாங்க. அவங்கள தூக்கிட்டு வர பக்கத்துல சாமிமாருங்க இருக்காங்க, உங்க மண்வீட்டுல யாரு இருப்பா? மூணாறு வரவே 40 கிலோமீட்டருக்கு மேல மலை ரோடு. குடிய நிறுத்துங்க, கண்டிப்பா நிறுத்துங்க, ஆனா டாக்டர் கண் முன்னாடி, மாத்திரை, தயமின் விட்டமினோட. இன்னொண்ணு, அந்த 3 மணி முழிப்புல பாதி இந்த குவார்ட்டர் வேலையாவே இருக்கலாம். தூங்க வச்சுட்டு நடுராத்திரில எழுப்பி விடுறது அதோட குணம்.

அட்டினோலாலும் அப்படித்தான், சடார்னு விட்டா நெஞ்சு படபடன்னு அடிக்கும், சிலருக்கு ஹார்ட் அட்டாக் வரைக்கும் போகும். விடணும்னா படிப்படியாத்தான்.

யானை, காட்டுத்தீ எல்லாம் குரங்கணிக்குப் பக்கத்துல இருக்குறவருக்கு நான் சொல்லத் தேவையில்ல. ஆனா ஏலத்தோட்டப் பக்கம் குழிவிரியன்னு ஒரு சின்ன விஷப்பாம்பு உண்டு, அது கடிச்சா நம்ம நாட்டு விஷமுறிவு ஊசி கேக்காது, சிலருக்கு கிட்னி போய் டயாலிசிஸ் வேண்டியிருக்கும், அதுக்கு பெரிய ஆஸ்பத்திரிதான். அதனால போன் இல்லாம இருக்குறது மட்டும் வேண்டாம், சுவிட்ச் ஆஃப் பண்ணியாவது பக்கத்துல வைங்க. தினம் விடிகாலைல ஜீப்ல தொத்திக்கிட்டு தோட்டத்துக்குப் போற பொம்பளைங்க மூட்டுவலி, குளிர்க்காய்ச்சல்னு வருவாங்க, அமைதி தேடி மலைக்குப் போனேன்னு ஒருத்தர் கூட சொன்னதில்ல.

ராஜினாமா லெட்டர இப்போ குடுக்காதீங்க. லீவு போடுங்க. தைராய்டு, சுகர், ஹீமோகுளோபின், பி12 பாருங்க, தைராய்டு குறைஞ்சாலே இதே மாதிரி உலகமே வெறுத்துப் போகும். டிப்ரஷன்தான்னு ஆனா மாத்திரை வேலை செய்யவே ரெண்டுல இருந்து நாலு வாரம் ஆகும், கூட கவுன்சிலிங்கும் வேணும். ரெண்டு மூணு மாசம் கழிச்சு நல்லா தூங்குற ஆளா யோசிச்சும் வட்டவடைதான் வேணும்னா தாராளமா போங்க, முதல்ல ஒரு மாசம் வாடகைக்கு இருந்து பாருங்க, மழைக்காலத்துல.

டாக்டர்கிட்ட போகும்போது வீட்டம்மாவையும் கூட்டிட்டுப் போங்க. நீங்க குறட்டை விடுறீங்களா, நடுவுல மூச்சு நிக்குதாங்கறது அவங்களுக்குத்தான் தெரியும், பிபி இருக்குறவருக்கு அது முக்கியமான கேள்வி.