‘தி விசார்ட் ஆஃப் ஓஸ்’ படத்தில் ஒருவர் தூக்கில் தொங்குவது தெரிகிறதாமே, உண்மையா? பழைய ஹாலிவுட் படப்பிடிப்புகளில் நிஜமாகவே என்ன விபத்துகள் நடந்தன?

முதல் கேள்விக்குப் பதில் சின்னது. இல்லை, அது ஒரு பறவை.

கதாநாயகி டோரத்தி, வைக்கோல் பொம்மை மனிதன், தகர மனிதன் மூன்று பேரும் தகர மனிதனின் குடிலை விட்டு மஞ்சள் செங்கல் பாதையில் ஆடிக்கொண்டே போவார்கள். அப்போது பின்னால் மரங்களுக்கு நடுவே ஏதோ ஒன்று அசையும். காடு உயிரோட்டமாகத் தெரியட்டும் என்று லாஸ் ஏஞ்சலிஸ் விலங்குக் காட்சிச்சாலையிலிருந்து பறவைகளை இரவல் வாங்கி செட்டுக்குள் உலவ விட்டிருந்தார்கள். அதில் பெரியது ஒன்று இறக்கையை விரிக்கிறது, அவ்வளவுதான். வீடியோ கேசட் காலத்து மங்கலான பிரதியில் பார்த்தவர்களுக்கு அது கயிற்றில் ஆடும் ஆளாகத் தெரிந்திருக்கிறது. சீர்செய்து வெளியிட்ட தெளிவான பிரதியில் பார்த்தால் அந்தச் சந்தேகமே வராது.

இரண்டாவது கேள்விக்காகத்தான் எழுத உட்கார்ந்தேன். நான் அரசு மருத்துவமனை ஒன்றின் தீக்காயப் பிரிவில் 14 வருடமாக ஸ்டாஃப் நர்ஸ். இந்தப் படத்தை என் மகளோடு பார்த்தபோது பச்சை முகத்துச் சூனியக்காரியைக் கண்டு அவள் பயந்து என் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். “அது சும்மா மேக்கப்டி, உள்ளே ஒரு நல்ல அம்மாதான் இருக்காங்க” என்று சொல்லிவிட்டு, அந்த அம்மா யார் என்று தேடிப் படித்தேன். படிக்கப் படிக்க, என் வார்டில் படுத்திருக்கும் ஒருவரின் கேஸ் ஷீட்டைப் படிப்பது போலவே இருந்தது.

அவர் பெயர் மார்கரெட் ஹாமில்டன். நடிக்க வருவதற்கு முன் மழலையர் பள்ளியில் டீச்சராக இருந்தவர். படப்பிடிப்பு நடந்த 1938இல் அவருக்கு 36 வயது. கணவரைப் பிரிந்துவிட்டார், கையில் சின்னப் பையன். சம்பாதித்தால்தான் வீடு நடக்கும் என்ற நிலை.

1938 டிசம்பர் 23. கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள்தான் இருந்தது. குள்ள மனிதர்கள் வாழும் மஞ்ச்கின் ஊரிலிருந்து சூனியக்காரி புகையிலும் நெருப்பிலும் மறையும் காட்சி. செட்டின் தரையில் ஒரு திறப்பு, அதற்குக் கீழே சின்ன லிஃப்ட். சிவப்புப் புகை கிளம்பியதும் அவர் அந்தத் திறப்பின் மேல் நிற்க வேண்டும், லிஃப்ட் சட்டென்று கீழே இறங்கும், தலை தரைக்குக் கீழே போன பிறகு மேலே நெருப்பு வெடிக்கும். எல்லாம் சில நொடிக் கணக்கு. முதல் டேக் நன்றாகவே வந்தது. இயக்குநர் விக்டர் ஃபிளெமிங்குக்கு இன்னொன்றும் வேண்டியிருந்தது. மறுபடி எடுத்தபோது, அவர் முழுதாகக் கீழே இறங்குவதற்குள் நெருப்பு வந்துவிட்டது. தொப்பியும் கையில் இருந்த துடைப்பமும் பற்றிக்கொண்டன.

முகத்தில் இரண்டாம் நிலை, கையில் மூன்றாம் நிலைத் தீக்காயம். வலது கண்ணின் புருவமும் இமை முடியும் போய்விட்டன. வலது கையில் தோல் உரிந்துவிட்டது.

இதற்குப் பிறகு நடந்ததைத்தான் என்னால் சாதாரணமாகப் படித்துவிட்டுப் போக முடியவில்லை. முகத்தில் பூசியிருந்த பச்சை நிறத்தில் தாமிரம் கலந்திருந்தது. தோல் நன்றாக இருக்கும்போதே அதை வாய்க்குள் போகாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். பூச்சு போட்ட நாளெல்லாம் அவர் ஸ்ட்ரா வைத்து உறிஞ்சிக் குடித்துக்கொண்டிருந்தார். வெந்து திறந்த தோல் வழியாக அது உடம்புக்குள் போனால் விஷம். அதனால் அங்கேயே, உடனே, மேக்கப்காரர் ஜேக் யங் ஆல்கஹால் தொட்டு அதைத் துடைத்து எடுத்தார். வெந்த முகத்தில்.

எங்கள் வார்டுக்கு வரும் பாதிப் பேர் தீக்காயத்தின் மேல் எதையாவது பூசிக்கொண்டுதான் வருவார்கள். டூத் பேஸ்ட், இட்லி மாவு, பேனா மை. அதைச் சுத்தம் செய்யாமல் டிரெஸ்ஸிங் போட முடியாது. சலைனை ஊற்றி ஊற்றி, ஊற வைத்து, வலி மருந்து கொடுத்துவிட்டு மெதுவாக எடுப்போம். அப்படியும் பெரிய ஆண்கள் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு “சிஸ்டர், போதும் சிஸ்டர்” என்று கதறுவார்கள். இரண்டாம் நிலைக் காயத்தில்தான் வலி அதிகம், ஏனென்றால் நரம்பு முனைகள் அங்கே உயிரோடு இருக்கும். அப்படிப்பட்ட இடத்தில் ஆல்கஹால் பட்டால் எப்படி இருக்கும் என்று எனக்கு எழுதத் தெரியவில்லை. ஜேக் யங்கைக் குறை சொல்ல மாட்டேன், அந்த நேரத்தில் அவருக்கு வேறு வழி இல்லை. அந்த நிறத்தை ஒரு மனுஷியின் முகத்தில் பூசி, பக்கத்திலேயே நெருப்பையும் வைக்கலாம் என்று முடிவு செய்தவர்கள்மேல்தான் எனக்குக் கோபம்.

சுமார் ஆறு வாரம் கழித்து அவர் வேலைக்குத் திரும்பினார். கையில் நரம்பு இன்னும் ஆறவில்லை. அதனால் கைக்குப் பச்சைப் பூச்சு போடாமல் பச்சைக் கையுறை மாட்டிக்கொண்டார். வழக்கு போடவில்லை. போட்டால் இந்த ஊரில் மறுபடி வேலை கிடைக்காது என்று அவருக்குத் தெரியும், பின்னாளில் அவரே அதைச் சொல்லியிருக்கிறார். ஒரே ஒரு நிபந்தனைதான் வைத்தார், இனி நெருப்புக் காட்சியில் நிற்க மாட்டேன் என்று.

ஆனால் திரும்பி வந்த உடனேயே, புகை விடும் துடைப்பத்தில் உட்காரச் சொன்னார்கள். தீப்பிடிக்காத உடை தைத்து வைத்திருக்கிறோம் என்றார்கள். ஆபத்தே இல்லையென்றால் தீப்பிடிக்காத உடை எதற்கு? அவர் மறுத்துவிட்டார். அவருக்குப் பதிலாக டூப் நடிகை பெட்டி டான்கோ உட்கார்ந்தார். உட்காரும் இடத்துக்குக் கீழே வைத்திருந்த புகைக் குழாய் வெடித்து அவர் காலைக் கிழித்தது. 11 நாள் ஆஸ்பத்திரியில் இருந்தார். ஹாமில்டன் அன்று தலையாட்டியிருந்தால், ஆறியும் ஆறாத அதே உடம்பு மறுபடி மருத்துவமனைக்குப் போயிருக்கும்.

இதே படத்தில் இரண்டு மாதம் முன்பு இன்னொன்றும் நடந்தது. தகர மனிதனாக முதலில் நடித்தவர் படி எப்சன். முகத்தில் வெள்ளைப் பூச்சு, அதன் மேல் அலுமினியத் தூளை அப்படியே தூவினார்கள். நாள் முழுக்க அந்தத் தூளைச் சுவாசித்துக்கொண்டே பாட்டு, ஆட்டம். சுமார் பத்து நாளில் விரல்கள் இழுத்துக்கொண்டன, பிறகு கைகள், ஒரு ராத்திரி மூச்சே விட முடியவில்லை. ஆம்புலன்ஸில் தூக்கிக்கொண்டு போய் ஆக்சிஜன் வைத்தார்கள். ஸ்டூடியோ அவர் எழுந்து வரும்வரை காத்திருக்கவில்லை, ஜேக் ஹேலியை அந்த வேடத்துக்குப் போட்டது. தூளுக்குப் பதில் இந்த முறை குழைத்த பசை. எதற்காக மாற்றினார்கள் என்பதை ஹேலியிடம் சொல்லவில்லை. அந்தப் பசையாலும் அவர் கண்ணில் தொற்று வந்து சில நாள் படுக்க வேண்டியிருந்தது.

எப்சனின் முகம் படத்தில் இல்லை. ஆனால் மந்திரவாதியைப் பார்க்கப் போகும் அந்தக் கூட்டுப் பாட்டில் அவர் குரல் இன்னும் இருக்கிறது, அதை மறுபடி பதிவு செய்யவில்லை. 95 வயதுவரை வாழ்ந்து 2003இல் இறந்தார் என்பது எனக்கு நிம்மதி.

என் வேலை காரணமாக மறக்க முடியாத இன்னொருவர் மார்த்தா மான்ஸ்ஃபீல்டு. 1923 நவம்பர் கடைசி, டெக்சாஸின் சான் அன்டோனியோவில் ‘தி வாரன்ஸ் ஆஃப் வர்ஜீனியா’ என்ற மௌனப் படம். அமெரிக்க உள்நாட்டுப் போர்க் காலத்துக் கதை என்பதால் அடுக்கடுக்கான, காற்றாகப் பரந்த பாவாடை உடை. தன் காட்சியை முடித்துவிட்டு காரில் ஏறி உட்கார்ந்திருந்தார். யாரோ உரசிப் போட்ட ஒரு தீக்குச்சி அந்த உடையில் பட்டது. கதாநாயகன் வில்ஃப்ரெட் லைடெல் தன் மேல்கோட்டைக் கழற்றி அவர்மேல் போட்டு முகத்தையும் கழுத்தையும் காப்பாற்றினார். எரியும் துணியைக் கிழித்து எடுக்கப் போன டிரைவரின் கைகள் வெந்துபோயின. மார்த்தா மறுநாள் இறந்தார், வயது 24.

முகத்தில் ஒரு கீறல்கூட இல்லாமல் உடம்பெல்லாம் வெந்து வருபவர்களை நாங்கள் பார்க்கிறோம். வரும்போது தெளிவாகப் பேசுவார்கள், தண்ணீர் கேட்பார்கள், வீட்டில் யாருக்குச் சொல்ல வேண்டும் என்றுகூடச் சொல்வார்கள். பார்க்க வந்தவர்கள் பிழைத்துவிடுவார் என்றே நம்புவார்கள். முதல் 24 மணி நேரத்தில் உடம்பிலிருந்து கசிந்து போகும் நீரைக் கணக்குப் பார்த்து நரம்பு வழியாக ஏற்றினால்தான் சிறுநீரகம் தாங்கும். அந்தக் கணக்கு 1923இல் வார்டுகளின் நடைமுறையாக ஆகியிருக்கவில்லை. அடுக்கு வைத்துத் தைத்த மெல்லிய உடைக்குள் காற்று நிறைய இருக்கும், பற்றினால் ஒரே வீச்சில் மேலே ஏறிவிடும். சேலை முந்தானை அடுப்பில் பட்டு வருகிற பெண்களிடம் நாங்கள் பார்ப்பதும் இதேதான்.

மௌனப் பட நகைச்சுவை நடிகர்கள் பட்டது வேறு கதை. ஹரால்டு லாயிட் 1919 ஆகஸ்டில் விளம்பரப் படம் எடுத்துக்கொள்ள ஒரு ஃபோட்டோ ஸ்டூடியோவுக்குப் போனார். செட்டில் பயன்படுத்தும் பொய்க் குண்டு என்று நினைத்து ஒன்றைக் கையில் வாங்கினார், திரியில் சிகரெட் பற்ற வைப்பது போலப் போஸ். அது நிஜமாகவே வெடித்தது. வலது கையின் கட்டைவிரலும் சுட்டுவிரலும் போய்விட்டன, கொஞ்ச நாள் கண்ணும் தெரியவில்லை. பிறகு செயற்கை விரல்கள் வைத்த கையுறையோடுதான் நடித்தார். 1923இல் வந்த ‘சேஃப்டி லாஸ்ட்’ படத்தில் உயரத்தில் கடிகார முள்ளைப் பிடித்துத் தொங்குகிறாரே, அந்தப் பிடியில் ஒரு கைக்குக் கட்டைவிரல் கிடையாது. விரல் போன நோயாளிகளுக்கு அந்தப் படத்தை நான் ஃபோனில் காட்டியிருக்கிறேன். ஒரு பையன் திரும்பத் திரும்பப் போடச் சொன்னான்.

பஸ்டர் கீட்டன் 1924இல் ‘ஷெர்லாக் ஜூனியர்’ எடுக்கும்போது ரயில் நிலையத் தண்ணீர்த் தொட்டிக் குழாயில் தொங்கினார். தண்ணீர் கொட்டிய வேகத்தில் கீழே விழுந்து பின்கழுத்து தண்டவாளத்தில் மோதியது. சில நாள் தலைவலி, அப்புறம் எழுந்து வேலைக்குப் போய்விட்டார். பத்து வருடத்துக்கும் மேலே கழித்து வேறு எதற்கோ எடுத்த எக்ஸ்-ரேயில்தான், கழுத்தெலும்பு முறிந்து தானாகக் கூடியிருப்பதை டாக்டர் பார்த்துச் சொன்னார். அந்த ஷாட் படத்தில் அப்படியே இருக்கிறது. லிலியன் கிஷ் ‘வே டவுன் ஈஸ்ட்’ படத்துக்காகப் பனிக்கட்டி ஆற்றில் கையைத் தொங்கவிட்டுப் படுத்ததில் விரல் நரம்புகள் கெட்டுப்போனதும் இந்த வரிசைதான். வாழ்நாள் முழுக்க அந்தக் கை அவருக்கு முழுதாகச் சரியாகவில்லை.

1959இல் வந்த ‘பென்-ஹர்’ தேர்ப் பந்தயத்தில் ஒருவர் செத்தார், அதை அப்படியே படத்தில் வைத்துவிட்டார்கள் என்று பரப்புவதும் பொய். தேரிலிருந்து முன்பக்கம் தூக்கியெறியப்பட்டவர் ஜோ கனட் என்ற சண்டைக் கலைஞர். தாடையில் சில தையலோடு தப்பினார், அந்த ஷாட்தான் படத்தில் இருக்கிறது.

பொய்க் கதைகள்மேல் எனக்கு வருத்தம் இருப்பதற்குக் காரணம் உண்டு. தூக்கில் தொங்காத ஒருவரைப் பற்றி உலகமே பேசுகிறது. நெருப்பில் நின்றவரின் பெயர் கேட்டால் பலருக்குத் தெரியவில்லை. இவர்களில் பலருக்கு நடந்தது அதிர்ஷ்டக்கேடு இல்லை. உடம்பில் பூசுவது என்ன என்று சொல்லப்படவில்லை, கேட்கவும் பயம், கேட்டால் வேலை போகும்.

ஹாமில்டன் 1975இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் மிஸ்டர் ரோஜர்ஸ் நடத்திய குழந்தைகள் நிகழ்ச்சிக்கு வந்தார். அப்போது அவருக்கு 70 தாண்டிவிட்டது. சாதாரண உடையில் உட்கார்ந்து பேசினார். பிறகு அந்தக் கறுப்பு உடையையும் தொப்பியையும் குழந்தைகள் பார்க்கும்படியே ஒவ்வொன்றாகப் போட்டுக்காட்டினார், பச்சைப் பூச்சு மட்டும் இல்லை. என் மகளுக்கு அதைப் போட்டுக் காட்டினேன். “அம்மா, இவங்க பாட்டி மாதிரி இருக்காங்க” என்றாள். இப்போது படத்தில் சூனியக்காரி வந்தால் மடியில் ஒளிவதில்லை.

நீங்கள் படத்தை மறுபடி பார்த்தால் மஞ்ச்கின் ஊரை விட்டு அவர் மறையும் இடத்தைக் கவனியுங்கள். அவர் அந்தத் திறப்பை நெருங்குவதற்குள்ளேயே சிவப்புப் புகை தரையிலிருந்து எழத் தொடங்கிவிடும். படத்தில் இருப்பது அந்த முதல் டேக்தான்.