கேள்வி–பதில்: ஓஸ்லோவின் ஹோல்மென்கொல்லன் தாவுதளம்

கே: நார்வே தலைநகர் ஓஸ்லோவில் நடந்த ஸ்கீ ஜம்ப்பிங் போட்டியை, அதாவது காலில் பனிச்சறுக்குப் பலகை மாட்டிச் சரிவில் சறுக்கிவந்து தாவும் போட்டியை, டி.வி.யில் பார்த்தேன். ஹோல்மென்கொல்லன் தாவுதளம் நூறாண்டுக்கும் மேல் பழமையானது என்றார் வர்ணனையாளர். பார்த்தால் நேற்றுக் கட்டியதுபோல் இருக்கிறதே?

ப: இடம் பழசு, கட்டுமானம் புதுசு. அங்கே முதல் போட்டி நடந்தது 1892 ஜனவரி 31 அன்று. ஓஸ்லோவுக்கு அப்போது கிறிஸ்டியானியா என்று பெயர். அதற்கு முன்பு 1879 முதல் ஹூஸ்பி என்ற மேட்டில் போட்டி நடத்திவந்தார்கள். அங்கே பனி சரியாக நிற்கவில்லை என்பதால் இன்னும் உயரமான ஹோல்மென்கொல்லனுக்கு மாறினார்கள். கோபுரம் எதுவும் அன்று கிடையாது. மலைச்சரிவில் மரக்கிளைகளை அடுக்கி, அதன்மேல் பனியைக் கொட்டி இறுக்கினால் தாவுவிளிம்பு தயார். முதல் ஆண்டில் அதிக தூரம் தாவியவர் ஆர்னே உஸ்ட்வெட், 21.5 மீட்டர். 2019-ல் அதே மலையில் ராபர்ட் யோஹான்சன் 144 மீட்டர் போனார்.

இந்த இரண்டு எண்களுக்கும் நடுவே நடந்ததெல்லாம் ஒரே கதைதான். தாவுபவர்கள் தளத்தை மிஞ்சுவார்கள், உடனே தளத்தைப் பெரிதாக்குவார்கள். 1914-ல் ஓடுதடத்துக்கு, அதாவது தாவுமுன் வேகம் எடுக்கச் சறுக்கிவரும் தடத்துக்கு, கோபுரம் வந்தது, 1928-ல் அது இன்னும் உயர்ந்தது, 1952 குளிர்கால ஒலிம்பிக்குக்காக மறுபடி கட்டினார்கள். அந்த ஒலிம்பிக்கில் 68 மீட்டர் தாவிய ஆர்ன்ஃபின் பெர்க்மன் தங்கம் வாங்கியதை நேரில் பார்த்தவர்கள் ஒரு லட்சத்துக்கும் மேல். ஜெர்மானிய ஆக்கிரமிப்பில் 1941 முதல் 1945 வரை போட்டியே இல்லை. 1946-ல் மீண்டும் தொடங்கியது. இன்னொரு தகவல்: நார்வேயின் பட்டத்து இளவரசராக இருந்த ஒலாவ், 1922, 1923 போட்டிகளில் மற்றவர்களோடு வரிசையில் நின்று தாவியிருக்கிறார்.

கே: அவ்வளவு புகழ்பெற்ற பழைய கோபுரத்தை ஏன் இடித்தார்கள்? பழுதுபார்த்திருக்கக் கூடாதா?

ப: 2011 உலக சாம்பியன்ஷிப் போட்டிக்குப் பழைய தளம் தகுதியானதல்ல என்று சர்வதேச ஸ்கீ கூட்டமைப்பு 2005-ல் சொல்லிவிட்டது. தாவுதளத்தில் ஒரு பகுதியை மட்டும் மாற்றுவது எளிதல்ல. ஓடுதடத்தின் சாய்வு, விளிம்பின் கோணம், இறங்குசரிவின் வளைவு மூன்றும் ஒன்றையொன்று சார்ந்தவை. வேகம் கூடினால் பறக்கும் பாதை நீளும், பாதை நீண்டால் கால் ஊன்றும் இடம் கீழே தள்ளிப்போகும், அங்கே சரிவு தட்டையாக இருந்தால் முழங்கால் போய்விடும். ஆகவே ஒன்றை மாற்றினால் மற்ற இரண்டையும் வெட்டித் திருத்தியாக வேண்டும்.

2008 அக்டோபரில் இடிப்பு தொடங்கியது. புதிய தளத்தை வடிவமைத்தது ஜே.டி.எஸ். கட்டடக்கலை நிறுவனம். முழுக்க எஃகு. கோபுரத்தின் மேல்பகுதி 69 மீட்டர் நீளத்துக்குத் தாங்குதூண் இல்லாமல் வெளியே நீண்டு நிற்கிறது. நம் கண்ணில் படுவது அந்த அழகு. தாவுபவர்கள் நன்றி சொல்வது பக்கவாட்டுக் காற்றுத் தடுப்புகளுக்கு. மற்ற பல தளங்களில் போட்டி நேரத்தில் வலை கட்டிச் சமாளிப்பார்கள். இங்கே தடுப்பு கட்டடத்தின் உடம்பிலேயே சேர்ந்து வருகிறது. செலவுதான் கையைச் சுட்டது. பக்கத்திலுள்ள சிறிய தளமான மிட்ஸ்டுபாக்கனையும் சேர்த்து ஏறத்தாழ 180 கோடி நார்வே குரோனர் ஆனது. முதல் மதிப்பீடு இதில் பாதிகூட இல்லை.

திறப்பு 2010 மார்ச் 3. முதல் தாவல் வீராங்கனை அனெட் சாகெனுக்கு என்று அறிவித்திருந்தார்கள். ஆனால் முந்தின நாள் மாலையே ஆண் வீரர் பியோர்ன் ஐனார் ரொமொரென் சோதனைத் தாவல் செய்துவிட, நார்வேயில் பெரிய சர்ச்சை கிளம்பியது. பெண்களுக்கு ஒலிம்பிக்கில் ஸ்கீ ஜம்ப்பிங் வந்ததே 2014-ல்தான் என்பதை நினைத்தால் அந்தக் கோபம் புரியும்.

கே: திரையில் ‘எச்.எஸ். 134’, ‘கே 120’ என்று காட்டுகிறார்கள். குறைந்த தூரம் தாவியவர் ஜெயிக்கிறார். கணக்கு என்ன?

ப: கே என்பது கணக்கு தொடங்கும் கோடு. எச்.எஸ். என்பது தளத்தின் அளவு, அதாவது பத்திரமாகக் கால் ஊன்றக்கூடிய எல்லை. ஹோல்மென்கொல்லனில் 120 மீட்டர் கோட்டைச் சரியாகத் தொட்டால் 60 புள்ளி. அதற்கு மேல் ஒவ்வொரு மீட்டருக்கும் 1.8 கூடும், குறைந்தால் அதே விகிதத்தில் கழியும். அடுத்து ஐந்து நடுவர்கள், ஆளுக்கு 20 வரை. அதில் உச்சத்தையும் அடிமட்டத்தையும் தள்ளிவிட்டு நடு மூன்றைக் கூட்டுவார்கள்.

ஒருவர் 128 மீட்டர் போகிறார் என்று வையுங்கள். 8 மீட்டர் அதிகம், 14.4 புள்ளி, ஆக 74.4. நடுவர்கள் 17.5, 18, 18.5, 18.5, 19 தருகிறார்கள். 17.5-உம் 19-உம் போக மிச்சம் 55. மொத்தம் 129.4.

இதோடு முடிந்தால் நீங்கள் கேட்டே இருக்க மாட்டீர்கள். எதிர்காற்று தாவுபவரைத் தூக்கிப் பிடிக்கும், அதனால் புள்ளி கழிப்பார்கள். பின்காற்று அமுக்கும், அதற்குக் கூட்டுவார்கள். தாவுபவர் உட்கார்ந்து புறப்படும் பலகையை நடுவர் குழு கீழே இறக்கினால் வேகம் குறையும், அதற்கும் ஈடு உண்டு. பின்காற்றில் 126 மீட்டர் போனவர், நல்ல எதிர்காற்றில் 130 போனவரை முந்துவது இப்படித்தான். இறங்கும்போது ஒரு காலை முன்வைத்து, மற்றதை மடக்கி, கைகளை விரிக்கும் டெலிமார்க் நிலை இல்லாவிட்டால் நடுவர்கள் புள்ளியைக் குறைப்பார்கள். எச்.எஸ். எல்லையைத் தாண்டிப் போனவர்கள் பெரும்பாலும் இதில்தான் கோட்டைவிடுவார்கள்.

கே: அவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தும் கால் முறியாமல் இருப்பது எப்படி?

ப: விழுவதில்லை, சரிவை ஒட்டியே போகிறார்கள். காலுக்கும் பனிக்கும் இடைவெளி பெரும்பாலும் சில மீட்டர்தான். பறக்கும் பாதையும் சரிவும் கிட்டத்தட்ட ஒரே சாய்வில் இருப்பதால் தரையில் படும்போது அதிர்ச்சி சிறியது. தொலைக்காட்சிக் கேமரா கீழேயிருந்து காட்டுவதால் வானத்திலிருந்து குதிப்பதுபோல் தோன்றுகிறது. சரிவு தட்டையாகும் இடம் வரை பறந்துவிட்டால்தான் ஆபத்து. நடுவர் குழு பலகையை இறக்குவது அதற்காகத்தான்.

உண்மையில் கடினமானது விளிம்பு. வேகம் மணிக்கு 90 கிலோமீட்டருக்கும் மேல், அதாவது நொடிக்கு 25 மீட்டர். பத்தில் ஒரு நொடி முந்தி உந்தினால் விளிம்புக்கு இரண்டரை மீட்டர் முன்பே எழுந்துவிட்டார் என்று பொருள். எழுந்த உடம்பு காற்றில் மோதி வேகம் குறையும், உந்திய விசையும் வீணாகும். பிந்தினால் கால் நீட்டி முடிப்பதற்குள் தளம் தீர்ந்துவிடும், முன்சாய்வு கிடைக்காது. இன்னொன்று: விளிம்பு மேல்நோக்கி இல்லை, கீழ்நோக்கி ஏறத்தாழ 11 பாகை சாய்ந்திருக்கிறது. மேலே எழும் உயரம் முழுக்க அவர்கள் கால்பலம்.

கே: உலகிலேயே பெரிய தளம் இதுதானா?

ப: இல்லை. நார்வேயிலேயே விகர்சுண்ட் இதைவிடப் பெரியது, அங்கே 250 மீட்டருக்கு மேல் பறந்திருக்கிறார்கள்.

கே: ஓஸ்லோ போகும் வாய்ப்பு வந்திருக்கிறது. போட்டி இல்லாத நாளில் பார்க்க முடியுமா?

ப: தாராளமாக. நகர மையத்திலுள்ள நேஷனல்தியேட்ரெட் நிலையத்தில் 1-ஆம் எண் மெட்ரோ ஏறுங்கள், சுமார் அரை மணி நேரத்தில் ஹோல்மென்கொல்லன். அங்கிருந்து பத்துப் பதினைந்து நிமிடம் மேட்டில் நடக்க வேண்டும். தளத்தின் அடியில் உள்ள ஸ்கீ அருங்காட்சியகம் 1923-ல் தொடங்கியது, அந்த வகையில் உலகிலேயே பழமையானது. கோபுர உச்சிக்கு லிஃப்ட் உண்டு. வானம் தெளிவாக இருக்கும் நாளாகப் பார்த்து டிக்கெட் வாங்குங்கள். இந்த மலை மூடுபனிக்குப் பேர்போனது, மேலே போனபின் ஓஸ்லோ விரிகுடாவே தெரியாமல் திரும்பியவர்கள் நிறையப் பேர். துணிச்சல் உள்ளவர்களுக்கு உச்சியிலிருந்து கீழே 361 மீட்டர் கம்பிவடச் சறுக்கல் இருக்கிறது. அது எல்லா மாதமும் ஓடாது. எடைக்கும் வரம்பு இருக்கும் என்பதால் முன்கூட்டியே விசாரித்துக்கொள்ளுங்கள்.