ஸ்காட்லாந்து ஹைலேண்ட்ஸ் டூர்: நீங்கள் கேட்டதும் நான் சொல்வதும்

எடின்பராவுக்குக் குடிவந்து பதினோரு வருடமாகிறது. ஊரிலிருந்து யார் வந்தாலும் "அந்த மலைப் பக்கம் கூட்டிப் போ" என்பார்கள். அப்படி மூன்று நாள், ஐந்து நாள் என்று கைடோடு போகும் மினிபஸ் டூர்களில் மட்டும் ஏழு முறை போய்விட்டேன். நான் கைடு இல்லை, டூர் விற்பவளும் இல்லை. பின்சீட்டில் உட்கார்ந்து பார்த்ததை வைத்துப் பதில் சொல்கிறேன்.

அக்கா, லண்டனில் தங்கை வீட்டுக்கு வருகிறோம். ஹைலேண்ட்ஸுக்கு மூன்று நாள்தான் ஒதுக்க முடியும். போதுமா? எடின்பராவிலிருந்து ஒரே நாளில் லாக் நெஸ் ஏரிக்குப் போய் வரும் டூரும் இருக்கிறதே?

மூன்று நாள் போதும். ஒரு நாள் டூர் வேண்டாம். காலை எட்டு மணிக்கு ஏற்றினால் இரவு எட்டு மணிக்குத்தான் இறக்கிவிடுவார்கள். அதில் பெரும்பகுதி ஜன்னல் வழியாகப் பார்ப்பதுதான். என் மாமனாரை அப்படி ஒரு தடவை அனுப்பிவைத்தேன். திரும்பி வந்தவரிடம் எப்படி இருந்தது என்று கேட்டால், "பஸ் நன்றாக இருந்தது" என்றார்.

மூன்று நாள் டூர் பெரும்பாலும் ஸ்கை தீவுக்குப் போய் வருவதாக இருக்கும். எடின்பராவிலிருந்து தீவின் முக்கிய ஊரான போர்ட்ரீக்குச் சுமார் 380 கிலோமீட்டர். முதல் நாள் கிளென்கோ பள்ளத்தாக்கு வழியாகப் போவது, இரண்டாம் நாள் முழுக்கத் தீவில், மூன்றாம் நாள் லாக் நெஸ் வழியாகத் திரும்புவது என்று இருந்தால் நல்ல திட்டம். விளம்பரத்தில் இருபது இடம் போட்டிருந்தால் மயங்காதீர்கள். ஒவ்வொரு இடத்திலும் பத்து நிமிடம் நின்று படம் எடுத்துவிட்டு ஏற வேண்டியிருக்கும். இரண்டாம் நாளில் எத்தனை மணி நேரம் வண்டிக்கு வெளியே இருப்போம் என்று கேளுங்கள். அந்த ஒரு கேள்விக்கு வரும் பதிலை வைத்தே டூரின் தரம் தெரிந்துவிடும்.

மேடம், கட்டணத்தில் தங்குமிடம் சேர்ந்ததா? விலை குறைவாக இருக்கிறதே என்று சந்தேகம்.

சந்தேகம் நியாயமானது. சிறிய மினிபஸ் டூர்களில் பலவற்றில் கட்டணம் என்பது வண்டி, டிரைவர், கைடு மட்டும்தான். (டிரைவரும் கைடும் ஒரே ஆள்.) அறை வாடகை தனி. அவர்களே பதிவு செய்து கொடுப்பார்கள், இல்லையென்றால் நீங்களே பார்த்துக்கொள்ளலாம். கோட்டை நுழைவுச் சீட்டு, படகுச் சவாரி, மதிய, இரவுச் சாப்பாடு எல்லாம் உங்கள் கையிலிருந்துதான். தனியாக வருபவர் ஒற்றை அறைக்குக் கூடுதலாகக் கொடுக்க வேண்டிவரும். கோடையில் ஸ்கை தீவில் அறை கிடைப்பதே பெரிய பாடு, ஆகவே டூரை உறுதி செய்த அன்றே அறையையும் முடித்துவிடுங்கள்.

இன்னொன்று: பெட்டி. 16 பேர் வண்டியில் பெரிய பெட்டிக்கு இடமில்லை. ஆளுக்கு ஒரு சிறு பெட்டி, 15 கிலோவுக்குள் என்பது வழக்கமான கணக்கு. நம் ஆட்கள் மூன்று பெட்டியோடு வந்து நிற்பதை நானே பார்த்திருக்கிறேன். மிச்சத்தை எடின்பராவிலேயே வைத்துவிட்டுப் போங்கள்.

ஓய்வு பெற்ற வரலாற்று ஆசிரியர் நான். மலையும் ஏரியும் சரி, வரலாறு என்று அங்கே என்ன பார்க்கலாம்? இடிந்த கோட்டைகள் மட்டும்தானா?

சார், கோட்டைகளை விடுங்கள். காலண்டரில் எல்லாம் வரும் ஐலன் டோனன் கோட்டையையே எடுத்துக்கொள்ளுங்கள். 1719இல் பிரிட்டிஷ் கடற்படை வெடிவைத்துத் தகர்த்தது. இருநூறு வருடம் வெறும் கல்குவியலாகக் கிடந்ததை 1932இல்தான் திரும்பக் கட்டி முடித்தார்கள். அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் இன்று நிற்பதற்கு நூறு வயதுகூட ஆகவில்லை.

கிளென்கோ அப்படியில்லை. இருபுறமும் கருத்த மலைகள், நடுவே ஒரு சாலை. 1692 ஜனவரி 1க்குள் எல்லாக் குலத் தலைவர்களும் மன்னர் வில்லியமுக்கு விசுவாசப் பிரமாணம் எடுக்க வேண்டும் என்று கெடு. கிளென்கோ மக்டொனால்டு தலைவர் முதலில் ஃபோர்ட் வில்லியமுக்குப் போனார். இங்கே எடுக்க முடியாது, இன்வரேரிக்குப் போ என்று அனுப்பிவிட்டார்கள். பனியில் அலைந்து பிரமாணம் எடுத்தபோது சில நாள் தாமதமாகிவிட்டது. அதைச் சாக்காக வைத்து, கேம்பெல் குலத்தவர் ஒருவரின் தலைமையில் படை அனுப்பினார்கள். வந்த சிப்பாய்கள் ஏறக்குறைய இரண்டு வாரம் அந்த வீடுகளில் விருந்தாளிகளாகத் தங்கி, சாப்பிட்டு, சீட்டாடினார்கள். பிப்ரவரி 13 விடியலில் அதே வீட்டுக்காரர்களைக் கொன்றார்கள். சுமார் 38 பேர் செத்தார்கள், தப்பித்தவர்களில் பலர் பனியில் மடிந்தார்கள். அங்குள்ள ஒரு விடுதியின் வரவேற்பு மேசையில் "கேம்பெல்களுக்கு அனுமதி இல்லை" என்ற பலகையை இன்றும் விளையாட்டுக்கு மாட்டி வைத்திருக்கிறார்கள். உப்பிட்டவரைக் கொல்வது என்ன என்று நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

இன்வர்னஸ் பக்கத்தில் இருக்கும் கலோடன் வெறும் மைதானம்தான். 1746 ஏப்ரல் 16 அன்று, பிரிட்டன் அரியணைக்கு உரிமை கோரிய சார்ல்ஸ் எட்வர்ட் ஸ்டூவர்ட்டின் படை ஒரு மணி நேரத்துக்குள் அங்கே அழிந்தது. சுமார் 1,500 பேர். அதற்குப் பிறகு ஆயுதம் வைத்திருக்கத் தடை, கட்டம்போட்ட டார்ட்டன் துணியை ஆண்கள் உடுத்தத் தடை. உடைத் தடை 1782 வரை நீடித்தது. மூன்று நாள் டூர்களில் கலோடனை அடிக்கடி விட்டுவிடுவார்கள். உங்களைப் போன்றவர் அது இருக்கும் நான்கு அல்லது ஐந்து நாள் டூராகப் பார்த்து எடுங்கள்.

ஆனால் நான் சொல்ல வருவது இது இரண்டுமே இல்லை. வண்டியில் போகும்போது எல்லோரும் "என்ன அமைதி, மனித வாடையே இல்லை" என்பார்கள். நானும் முதல் தடவை அதையேதான் சொன்னேன். கைடு ஒரு பள்ளத்தாக்கில் வண்டியை ஓரம் கட்டி, புல்லுக்குள் மறைந்திருந்த கல்சுவர் வரிசையைக் காட்டினார். அவை வீடுகள். செம்மறி ஆடு வளர்த்தால் வருமானம் அதிகம் என்று நிலச்சுவான்தார்கள் 18ஆம் நூற்றாண்டின் கடைசியிலும் 19ஆம் நூற்றாண்டிலும் ஊர் ஊராகக் குடியானவர்களைக் கிளப்பினார்கள். வடக்கே ஸ்ட்ராத்னேவரில் 1814இலும் 1819இலும் கூரைக்குத் தீவைத்தே வெளியேற்றினார்கள். போனவர்கள் கடற்கரைத் துண்டு நிலத்துக்கும் கனடாவுக்கும் போனார்கள். ஆக, அங்கே ஆள் இல்லாதது இயற்கை தந்ததல்ல, ஆக்கியது. அது தெரிந்த பிறகு அதே பள்ளத்தாக்கு வேறு மாதிரி தெரிகிறது.

எதிர்க்கவே இல்லையா என்று கேட்பீர்கள். ஸ்கை தீவில் போர்ட்ரீக்குத் தெற்கே பிரேஸ் என்ற இடத்தில் 1882இல் மேய்ச்சல் உரிமைக்காகக் குத்தகைக்காரர்கள் திரண்டார்கள். கிளாஸ்கோவிலிருந்து வந்த போலீஸின் மேல் பெண்கள் கல்மாரி பொழிந்தார்கள். நான்கே வருடத்தில், 1886இல், நிலத்தைவிட்டு வெளியேற்ற முடியாதபடி குத்தகைப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. எந்தக் கைடும் தானாக பிரேஸுக்கு வண்டியைத் திருப்ப மாட்டார். கேட்டால் கதையாவது சொல்வார்.

கைடு பேசும் ஆங்கிலம் புரியுமா?

முதல் அரை நாள் பாதி புரியும். அப்புறம் பழகிவிடும். புரியாவிட்டால் கூச்சப்படாமல் கேளுங்கள், சிரித்துக்கொண்டே இன்னொரு தடவை சொல்வார்கள். ஊர்ப் பெயர்களுக்கு, அந்த மலைப் பக்கத்துப் பழைய மொழியான கேலிக்கில் சில சொற்கள் தெரிந்தால் போதும்: பென் என்றால் மலை, கிளென் என்றால் பள்ளத்தாக்கு, லாக் என்றால் ஏரி (கடல் நிலத்துக்குள் புகுந்து நிற்கும் கழியையும் அப்படியே சொல்வார்கள்), இன்வர் என்றால் ஆற்றின் முகத்துவாரம்.

எந்த மாதம் வரலாம்? ஜூலையில்தான் பிள்ளைகளுக்கு லீவு.

என் ஓட்டு மே மாதத்துக்கு, அடுத்து செப்டம்பர். ஜூன், ஜூலையில் இரவு பத்து மணி வரை வெளிச்சம் இருக்கும், அது லாபம். நஷ்டம் மிட்ஜ் என்கிற பொடிப்பூச்சி. கொசுவைவிடச் சிறியது, கூட்டமாக வந்து கடிக்கும். காற்று அசையாத காலையிலும் மாலையிலும், ஈரமான இடங்களில் மொய்க்கும். காற்று கொஞ்சம் வீசினாலும் பறக்க முடியாது, ஆகவே ஏரிக்கரை மரநிழலில் நிற்காமல் திறந்த மேட்டில் நில்லுங்கள். அங்குள்ள மருந்துக் கடையிலேயே அதற்கான தைலம் கிடைக்கும். ஆகஸ்டு கடைசியில் ஹெதர் செடி பூத்து மலை முழுக்க ஊதாவாகும். டிசம்பரில் மாலை நான்குக்கு முன்பே இருட்டிவிடும், அப்போது வருவது காசுக்குக் கேடு.

மழை எல்லா மாதமும் உண்டு. குடை வேண்டாம், காற்றில் தலைகீழாகிவிடும். தொப்பி வைத்த மழைக்கோட்டும் வழுக்காத காலணியும் எடுத்து வாருங்கள்.

அம்மாவுக்கு 68 வயது, முழங்கால் வலி. சைவம். சமாளிக்க முடியுமா?

தாராளமாக. ஓல்ட் மேன் ஆஃப் ஸ்டோர் பாறைக்கு ஏறுவது, ஃபேரி பூல்ஸ் குளங்களுக்கு நடப்பது இரண்டும் அம்மாவுக்கு வேண்டாம். கில்ட் ராக் அருவி, ஐலன் டோனன் பாலம், லாக் நெஸ் படகு இதெல்லாம் சுலபம். ஒற்றைத் தடச் சாலைகளில் வண்டி வளைந்து வளைந்து போகும், வாந்தி வருபவரென்றால் முன் வரிசை கேளுங்கள். சைவத்துக்கு சூப், ரொட்டி, சுட்ட உருளைக்கிழங்கு எங்கும் கிடைக்கும். ஆட்டு ஈரல், இதயம், நுரையீரல் போட்டுச் செய்யும் ஹாகிஸ்தான் அந்த ஊர்ச் சிறப்பு, அதற்கும் சைவ வடிவம் இருக்கிறது, ருசிதான். ஊரிலிருந்து பொடி வகைகள் கொண்டு வரலாம். நெய், பால்கோவா, கருவாடு வேண்டாம். பால், இறைச்சிப் பொருட்களை பிரிட்டனுக்குள் விடமாட்டார்கள். கருவாட்டுக்கு விதி வேறு என்று வாதாடலாம், பக்கத்து சீட்டுக்காரரை நினைத்துச் சொல்கிறேன்.

ஷெங்கன் விசா வைத்திருக்கிறேன். அதிலேயே வரலாமா?

முடியாது. ஸ்காட்லாந்து பிரிட்டனின் பகுதி, இந்தியப் பாஸ்போர்ட்டுக்குத் தனி பிரிட்டன் விசா வேண்டும். பணம் பவுண்டுதான். அங்கே மூன்று வங்கிகள் சொந்த நோட்டு அச்சிடுகின்றன, லண்டன் கடைகளில் சிலர் அதை வாங்க யோசிப்பார்கள். கிளம்பும் முன் செலவழித்துவிடுங்கள்.

டூர் எதற்கு, கார் எடுத்துக்கொண்டு நாமே போகலாமே? ஓட்டுவதும் இடப் பக்கம்தானே.

போகலாம். இந்திய லைசென்ஸ் வைத்துப் பன்னிரண்டு மாதம் வரை ஓட்டலாம். ஆனால் ஓட்டுபவர் எதையும் பார்க்க மாட்டார், என் கணவரைக் கேளுங்கள். ஒற்றைத் தடத்தில் எதிர் வண்டி வந்தால் ஒதுங்கும் இடம் வரை பின்னால் போக வேண்டும். மால்ட் விஸ்கி ஆலைக்குப் போய்ச் சொட்டு ருசி பார்க்கவும் முடியாது, குடித்து ஓட்டும் சட்டம் இங்கிலாந்தைவிட இங்கே கடுமை. முதல் முறை டூர், அடுத்த முறை கார்.

லாக் நெஸ் ஏரியில் நெஸ்ஸி என்ற ராட்சதப் பிராணி நிஜமாகவே இருக்கிறதா?

கைடைக் கேட்டால் இருக்கிறது என்பார், அது அவர் பிழைப்பு. 1934இல் வந்த பிரபலமான அந்த நீள்கழுத்துப் படம் ஜோடிப்பு என்று 1990களில் தெரிந்துவிட்டது. ஏரியின் ஆழம் சுமார் 230 மீட்டர். தண்ணீர் கறுப்பாக இருப்பது கரைந்த கரிமண்ணால். என் அக்கா பெண் படகில் இருந்து இரண்டு தடவை பார்த்ததாகச் சத்தியம் செய்கிறாள்.

நம் தமிழ்நாட்டுக்கும் அந்த மலைக்கும் ஏதாவது தொடர்பு உண்டா?

இதை யாராவது கேட்க மாட்டார்களா என்று காத்திருந்தேன்! இன்வர்னஸுக்கு வடக்கே ஃபைரிஷ் என்ற குன்றின் உச்சியில், வானத்துக்குக் கீழே தனியாக நிற்கும் வளைவுகளைப் பார்க்கலாம். 1781இல் டச்சுக்காரர்களிடமிருந்து நாகப்பட்டினத்தைப் பிடித்த பிரிட்டிஷ் தளபதி ஹெக்டர் மன்றோ தன் சொந்த ஊர்க் குன்றில், பஞ்சத்தில் இருந்த ஆட்களுக்கு வேலை கொடுப்பதற்காகக் கட்டியது. நாகப்பட்டினத்துக் கோட்டை வாசலின் வடிவம் என்று சொல்கிறார்கள். கூலி நாட்களை நீட்டிக்க, மேலே ஏற்றிய கற்களை அவரே திரும்ப உருட்டிவிடச் சொன்னாராம், அது செவிவழிக் கதை. டூர் வண்டிகள் அந்தப் பக்கம் போவதில்லை. ஏறி இறங்க இரண்டு, மூன்று மணி நேரம் வேண்டும். ஒரு நாள் கூடுதலாக இன்வர்னஸில் தங்கிப் போய் வாருங்கள்.

தமிழ்ச் சுவடிகளைத் தொகுத்த காலின் மெக்கன்சியும் அந்தப் பக்கத்து ஆள்தான். மேற்குத் தீவான லூயிஸில் ஸ்டார்னவே என்ற ஊர். அவருடைய தொகுப்பில் ஒரு பகுதி இன்றும் சென்னையில் இருக்கிறது.

கடைசியாக ஒன்று அக்கா: பஸ்ஸில் எந்தப் பக்க ஜன்னல்?

முதல் நாள் கிளென்கோவுக்கு இறங்கும்போது இடப் பக்கம், மூன்று சகோதரிகள் என்கிற மலைகள் அங்கேதான். திரும்பும்போது இன்வர்மோரிஸ்டனிலிருந்து தெற்கே வந்தால் லாக் நெஸ்ஸும் இடப் பக்கமே. ஆனால் தினமும் இடத்தை மாற்றிக்கொள்ளச் சொல்வார்கள், மாறிவிடுங்கள். இல்லையென்றால் மூன்றாம் நாள் உங்களோடு பேச வண்டியில் ஆள் இருக்காது.