அனீமியாவில் தொலைந்த 'ஹ'

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஹீமோகுளோபின் குறைந்தால் அனீமியா என்கிறார்கள். இரண்டு சொல்லிலும் ரத்தம் இருக்கிறது என்று போகிற போக்கில் எழுதியிருந்தீர்கள். முதலாவதில் 'ஹீமோ' தெரிகிறது, இரண்டாவதில் எங்கே? ஹீமோபிலியா என்றால் ரத்தத்தின் மேல் பிரியமா? பக்கவாதத்தைச் சொல்லும் ஹெமிபிளீஜியாவும் இந்தக் குடும்பம்தானே? மூளையில் ரத்தம் அடைபட்டுத்தானே அது வருகிறது?

மாலதி

அன்புள்ள மாலதி,

அனீமியாவிலும் ரத்தம் இருக்கிறது. 'ஹ' மட்டும்தான் தொலைந்துபோனது. கிரேக்கத்தில் ரத்தம் 'ஹைமா'. அந்த 'ஹ'வுக்கு அவர்களிடம் தனி எழுத்து கிடையாது, உயிரெழுத்தின் மேல் இடும் ஒரு சின்ன மூச்சுக்குறிதான். இன்மையைக் குறிக்கும் 'அன்' முன்னால் வந்து ஒட்டியதும் மூச்சு அடங்கி 'அனைமியா' ஆயிற்று. லத்தீன் வழியாக நம்மிடம் வரும்போது அனீமியா. அதாவது 'ரத்தமின்மை'. கொஞ்சம் மிகைதான், குறைவதைத்தான் சொல்கிறார்கள்.

சொல்லின் தலையில் நின்றால் ஹீமோ, ஹெமடோ. வாலில் நின்றால் 'ஈமியா': லுகீமியா, யுரீமியா, செப்டிசீமியா. ரத்தவியலைக் குறிக்கும் ஹெமடாலஜியில் வரும் 'ட' எங்கிருந்து முளைத்தது என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனாலும் சொல்லிவிடுகிறேன். நம் 'மரம்' உருபு ஏற்கும்போது 'மரத்தை' என்று ஆகிறதல்லவா? அதுபோல 'ஹைமா'வும் வேற்றுமையில் 'ஹைமடோஸ்' ஆகும்.

லுகீமியா, அதாவது ரத்தப் புற்றுநோய், என்றதும் வயிற்றைக் கலக்குகிறது. மருத்துவர் ருடால்ஃப் விர்ச்சோ 1845-இல் அந்த நோயைப் பற்றி எழுதியபோது தன் ஜெர்மன் மொழியில் 'வெள்ளை ரத்தம்' என்றுதான் சொன்னார். 1847-இல் அதற்கே கிரேக்கச் சட்டை மாட்டினார். 'லுகோஸ்' என்றால் வெள்ளை. வெள்ளணுக்கள் அளவுமீறிப் பெருகிய ரத்தத்தைக் கண்ணால் பார்த்தவர் வைத்த பெயர்.

ஹீமோபிலியா அப்படிப் பொருந்தி வரவில்லை. 1828-இல் ஹாஃப் என்ற மருத்துவர் எழுதிய ஆய்வேட்டோடு புழக்கத்துக்கு வந்த சொல். 'ஃபிலியா' அன்புதான், ஆனால் இங்கே 'அந்தப் பக்கம் சாயும் இயல்பு' என்று கொள்ள வேண்டும். ரத்தம் உறையாமல் ஒழுகும் இயல்பு. என்னைக் கேட்டால் மோசமான பெயர்.

ஹெமிபிளீஜியா இந்தக் குடும்பமே இல்லை. 'ஹெமி' என்றால் பாதி, 'பிளீகே' என்றால் அடி. உடம்பில் பாதி அடிபட்டுப்போவது. நீங்கள் அப்படி ஊகித்ததில் வியப்பில்லை, நானும் கொஞ்ச காலம் அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தேன்.

கடைசியாக ஒரு வேடிக்கை. ஆக்டோபஸின் ரத்தத்தில் பிராணவாயுவைச் சுமக்கும் புரதத்துக்கு ஹீமோசயனின் என்று பெயர், 'நீல ரத்தப் பொருள்' என்பதுபோல. நம் ஹீமோகுளோபினில் இரும்பைப் பிடித்து வைத்திருக்கும் பகுதியை வேதியியலில் 'ஹீம்' என்கிறார்கள். ஹீமோசயனினில் அந்த ஹீம் கிடையாது. அங்கே சுமை தூக்குவது செம்பு, நீலமும் அதனால்தான்.

அன்புடன்.