கேள்வி – பதில்: நக்கிள்ஸ் மலையில் கூடாரம்

கேள்வி: நாங்கள் நாலு பேர். சித்திரை விடுமுறையில் நக்கிள்ஸ் மலையில் இரண்டு இரவு கூடாரம் அடிக்க யோசிக்கிறோம். ஊர் வழிகாட்டி ஒருவரைப் பிடித்தால் போதும், அனுமதி தேவையில்லை என்கிறார்கள். சரியா?
த. க., கொக்குவில்

பதில்: காட்டெல்லைக்கு வெளியே, மீமுரே போன்ற ஊர்களில் தனியார் காணியில் தங்குவதென்றால் காணிக்காரர் சம்மதித்தால் போதும். உங்களுக்குச் சொன்னவர்கள் அதைத்தான் மனதில் வைத்திருப்பார்கள். காட்டுக்குள் கதை வேறு. அது வனப் பாதுகாப்புத் திணைக்களத்தின் பொறுப்பிலுள்ள காடு. 2010 இல் உலக மரபுரிமையாக்கப்பட்ட மத்திய மலைநாட்டின் ஒரு பகுதி. பகலில் போய்வர வாங்கும் நுழைவுச்சீட்டு இரவு தங்க உதவாது. அதற்குத் தனி அனுமதி எடுக்கவேண்டும்.

முதலில் எந்தப் பக்கத்தால் ஏறுவதென்று முடிவெடுங்கள். மலைத்தொடர் கண்டி, மாத்தளை இரு மாவட்டங்களிலும் கிடக்கிறது. யாழ்ப்பாணத்திலிருந்து ஏ9 வீதியால் கண்டிக்குப் போகிற பஸ் மாத்தளையைத் தாண்டித்தான் போகும். அங்கேயே இறங்கி இரத்தோட்டை, ரிவர்ஸ்டன், பிட்டவல பத்தனை வழியைப் பிடிப்பது உங்களுக்குச் சுருக்கம். ஹுன்னஸ்கிரிய, கோர்பட்ஸ் கப் வழி என்றால் கண்டி போய்த் திரும்பவேண்டும்.

வழி முடிவானதும் அந்தப் பக்கத்து மாவட்ட வன அலுவலகத்துடன் பேசிவிட்டு எழுத்தில் விண்ணப்பியுங்கள். நால்வரின் பெயர், அடையாள அட்டை இலக்கம், திகதிகள், உள்நுழையும் இடம், நடக்கும் பாதை, ஒவ்வோர் இரவும் தங்கும் இடம், வீட்டில் தொடர்புகொள்ளக்கூடிய ஒருவரின் தொலைபேசி ஆகியவை இருக்கட்டும். வெறுமனே ‘நக்கிள்ஸ்’ என்று எழுதினால் யாருடைய பிரிவு என்று தெரியாமல் கடிதம் மேசை மேசையாகச் சுற்றும். ஒரு மாதமாவது முந்துங்கள். புத்தாண்டை ஒட்டி அலுவலகங்கள் பூட்டு, மலைப்பக்க பஸ்ஸும் அருமை. அனுமதிப்பத்திரம் கையில் வராமல் கூடாரத்துக்குக் காசு செலவழிக்கவேண்டாம்.

என்னைக் கேட்டால் சித்திரையைத் தவிர்த்து மாசி, பங்குனியில் போங்கள். சித்திரையில் பின்னேரம் இடிமுழக்கத்தோடு மழை வரும். பத்தனைப் புல்வெளியில் நிற்கிற மனிதன்தான் அங்கே உயரமான பொருள், மின்னல் அவனில்தான் விழப் பார்க்கும். சித்திரைதான் என்றால் விடிய ஆறு மணிக்கு நடக்கத் தொடங்கி, ஒரு மணிக்குள் முகட்டை விட்டு இறங்கிவிடுங்கள். மாசியில் வேறு ஆபத்து: புல் காய்ந்திருக்கும், விறகு மூட்டவே கூடாது.

கேள்வி: வில்பத்துவில் கூடாரத்தோடு நடந்து திரியலாமா?
ஒரு வாசகி, நல்லூர்

பதில்: முடியாது. தேசியப் பூங்காக்கள் வனசீவராசிகள் பாதுகாப்புத் திணைக்களத்துக்குரியவை. வில்பத்துவுக்குள் வாகனத்தை விட்டு இறங்கி நடக்க விடமாட்டார்கள். பத்தரமுல்லையிலுள்ள தலைமையகத்தில் முற்பதிவு செய்து, ஒதுக்கப்பட்ட முகாமிடத்தில் மட்டும் தங்கலாம். நடக்கத்தான் ஆசையென்றால் ஹோட்டன் சமவெளி இருக்கிறது.

கேள்வி: சாப்பாட்டுக்கும் குளிருக்கும் என்ன கொண்டுபோவது?
சி. ம., சாவகச்சேரி

பதில்: நம்மூர்ச் சாமான்களே நல்லவை. புழுக்கொடியல், பருத்தித்துறை வடை, பனங்கட்டி, வறுத்த அரிசிமா: பாரமில்லை, பழுதாகாது. கருவாடு வேண்டாம், மணம் காட்டுப்பன்றியைக் கூட்டிவரும். சுடுதண்ணீர் மட்டும் வைப்பதென்றால் 4 பேருக்கு ஓர் இரவுக்கு 230 கிராம் காஸ் குடுவை ஒன்று காணும். ஆனால் குடுவையிலுள்ள பியூட்டேன் வாயுவின் கொதிநிலை 0 பாகைக்குச் சற்றுக் கீழே, அதை நெருங்கும் குளிரில் அது சரியாக ஆவியாகாது. ஹோட்டன் சமவெளிக் குளிரில் அடுப்பு மங்குவது அதனால்தான். குடுவையை இரவில் போர்வைக்குள் வைத்திருங்கள்.

குளிர் மேலிருந்து வருவதைவிடத் தரையிலிருந்துதான் கூட ஏறும். உடம்பின் பாரத்தில் நசுங்கிய போர்வை சூடு பிடிக்காது. இரண்டாவது போர்வைக்குப் பதில் தடித்த நுரைப்பாய் வாங்குங்கள். கூடாரத்தின் காற்றுத்துவாரத்தை மூடினால் மூச்சீரம் உள்ளே வேர்த்துச் சொட்டும். ஜீன்ஸும் பருத்தி ரீசேட்டும் நனைந்தால் காயாது. படுக்க ஒரு சோடி உலர்ந்த உடுப்பைப் பொலித்தீனில் கட்டி வையுங்கள். ஹோட்டன் சமவெளி வாசலில் மெல்லிய பொலித்தீனைப் பறித்துவிடுவார்கள், அங்கே போவதென்றால் மூடியுள்ள டப்பாவில் வையுங்கள். அட்டைக்கடிக்கு முழங்கால்வரை நெருக்கமான துணி மேசு போட்டு, மேலே சவர்க்காரம் பூசுங்கள். உப்புப் பூசினால் மழையில் கரைந்துபோகும்.

கேள்வி: சுண்டிக்குளம் கடற்கரையில் ஓர் இரவு?
பெயர் வேண்டாம், மருதங்கேணி

பதில்: 2015 முதல் அதுவும் தேசியப் பூங்கா, வனசீவராசிகள் திணைக்களத்தைக் கேட்காமல் கூடாரம் அடிக்கவேண்டாம். அனுமதி கிடைத்தால், மணலில் சாதாரண முளை நிற்காது. சீலைப்பைகளில் மணல் நிரப்பிக் கயிறு கட்டி, ஒரு முழ ஆழத்தில் புதையுங்கள். வாசல் காற்று வரும் பக்கத்தைப் பார்க்காமல் மறுபக்கம் பார்க்கட்டும்.