மாங்கூழ் ஷிப்ட்டுக்கு ஷகிரா

கேள்வி: மாம்பழ சீசன், எனக்கு மாங்கூழ் ஃபேக்டரியில் நைட் ஷிப்ட். மகள் ஷகிராவின் பழைய ஸ்பானிஷ் பாட்டு ஒன்றை போனில் ஏற்றித் தந்தாள். ஒரு வார்த்தை புரியவில்லை, விடவும் மனசில்லை. முழு ஆல்பம் கேட்க எதில் ஆரம்பிக்கலாம் அண்ணா?
– வாசகி, காவேரிப்பட்டணம்

பதில்: 1998இல் வந்த 'தோந்தே எஸ்தான் லோஸ் லாத்ரோனெஸ்' கேளும்மா. 'திருடர்கள் எங்கே' என்று அர்த்தம். கொலம்பியா பாடகி ஷகிரா எழுதி வைத்த பாட்டுகளோடு பெட்டியை, அந்த ஊர்த் தலைநகர் பொகோட்டா ஏர்போர்ட்டில் எவனோ அடித்துக்கொண்டு போக, திரும்ப உட்கார்ந்து எழுதிய ஆல்பம் இது. வந்தபோது அவருக்கு 21 வயசு!

முதல் பாட்டில் மரியாச்சி என்கிற மெக்சிகோ நாட்டுப்புற இசைக்குழு பாணியில் ட்ரம்பெட் அலறும், தூக்கம் போய்விடும். என் செல்லம் 'இனெவிதாப்ளே'. வெறும் கிடாரோடு, சண்டைக்கு வராத குரலில், எனக்குக் காபி போடத் தெரியாது, ஃபுட்பால் புரியாது என்று தன் குறைகளை ஒவ்வொன்றாக ஒப்பிக்கிறார். அப்புறம் டிரம்ஸ் இறங்கும் பாருங்கள்! தொப்பூர் கணவாய் இறக்கத்தில் பஸ் ஜன்னலோரம் கேட்டவன் சொல்கிறேன், வயிறு ஒரு நிமிஷம் காலியாகும்.

கடைசிப் பாட்டு 'ஓஹோஸ் அசி'. நடுவில் அரபி வரும். அப்பா வழி லெபனான். இங்கிலீஷில் பாடிய 2001 ஆல்பத்தை மகளிடமே விட்டுவிடுங்கள், அவசரமில்லை.