அன்றாட வாழ்க்கையில் இரைச்சலைக் குறைக்க நீங்கள் செய்ததில் எது உண்மையிலேயே பலன் தந்தது?

மைக்செட்காரரிடம் போய்ப் பேசியதுதான்.

சட்டம் இல்லாமல் இல்லை. 2000-ஆம் ஆண்டு ஒலி மாசு விதிகளின்படி குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல், இரவில் 45. இரவு 10 மணியிலிருந்து காலை 6 வரை திறந்தவெளியில் ஒலிபெருக்கியே கூடாது, திருவிழாவுக்கென்று அரசு வருஷத்தில் 15 நாள் வரை நள்ளிரவு 12 மணிக்கு நீட்டிக்கலாம், அவ்வளவுதான். ஆனால் ஆடி மாசம் மதுரையில் எங்கள் தெருவுக்கு வந்து இதைச் சொல்லிப் பாருங்கள்.

முளைப்பாரிக்கு வருஷா வருஷம் எங்கள் வீட்டு எதிர்க் கம்பத்தில்தான் குழாய் ஸ்பீக்கர் கட்டுவார்கள், அதன் வாய் நேராக எங்கள் படுக்கையறை ஜன்னலைப் பார்த்திருக்கும். போன வருஷம் அப்பா ஆபரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்த வாரம் அது. விழாக் குழுவில் சொன்னேன், "சாமி காரியத்துல போய் இப்படிப் பேசலாமா தம்பி" என்றார்கள். சரி என்று டீக்கடையில் நின்ற மைக்செட் அண்ணனிடமே போய், "அண்ணே, அப்பா ரெண்டு நாளாத் தூங்கல" என்றேன். டீயைக் குடித்துவிட்டு ஏணியைப் போட்டு ஏறியவர், குழாயைக் கோயில் பக்கம் கீழ்நோக்கித் திருப்பிக் கட்டிவிட்டார். ஐந்து நிமிஷ வேலை. குழாய் சத்தத்தை ஒரே திசையில் குவித்து அடிக்கிற சாமான், அதனால் திருப்பியதுமே வித்தியாசம் தெரிந்தது. போன் ஆப்பில் 12 டெசிபல் குறைந்திருந்தது. ஆப் காட்டுகிற எண்ணை அப்படியே நம்ப முடியாது, ஆனால் 10 குறைந்தாலே காதுக்குப் பாதி சத்தம்தான்.

அந்தப் பெருமையில் இருந்தபோதுதான் கீழ்வீட்டு அக்கா, "உங்க மோட்டார் 4.30 மணிக்கு எங்க தலைமாட்டுலதான் ஓடுது" என்றார். சிமென்ட் மேடையில் நேராக போல்ட் போட்ட மோட்டார், சுவர் முழுக்க அதிர்ந்திருக்கிறது, இத்தனை வருஷம் எங்களுக்குத் தெரியவே இல்லை. அடியில் கெட்டியான ரப்பர் வைத்தோம், நேரத்தையும் 6 மணிக்கு மாற்றினோம். மிக்ஸிக்கும் அதே ரப்பர் வைத்தியம்தான்.

முட்டை அட்டையைச் சுவரில் ஒட்டச் சொல்வார்கள், ஒட்டாதீர்கள். அறைக்குள் எதிரொலி கொஞ்சம் குறையும், தெருச் சத்தம் குறையாது. காற்று வருகிற சந்தில்தான் சத்தமும் வரும், ஜன்னல் சட்டத்துக்கு ரப்பர் பட்டை ஒட்டினால் போதும் (சித்திரை வெயிலில் ஜன்னலைச் சாத்திக்கொண்டு எப்படித் தூங்குவது என்று என்னைக் கேட்காதீர்கள்).

இந்த வருஷம் நான் கேட்காமலே குழாயைத் திருப்பித்தான் கட்டியிருந்தார். பாட்டு மட்டும் இன்னும் காலை 5 மணிக்கே ஆரம்பிக்கிறது.